அம்மாவை நாலு மணிக்கு அழைத்தோம்

ஏழாம் வகுப்பு பி பிரிவு மக்களே, குரூப்பில் நீங்கள் போட்ட வீடியோவை நானும் பார்த்தேன். ஒன்றரை நிமிடம் ஓடுகிறது. ஒரு குளக்கரை, பூச்சுற்றிய கரகம், தலையை விரித்துப் போட்டு ஆடும் ஒரு பெண், அவள் எதிரில் பாவாடை சட்டையோடு நின்று அழும் ஒரு பிள்ளை. ‘ஏய், இது நீதானே?’ என்று கேட்டுவிட்டு ஆளுக்கொரு அழுகைப் பொம்மை வைத்திருக்கிறீர்கள். நான்தான். பாவாடையை வைத்து என்னைக் கண்டுபிடித்தேன் என்று பெருமைப்பட்டவளே, அது பள்ளிக்கூடத்தில் கொடுத்த சீருடை. நீயும் அதையேதான் போட்டிருந்தாய்.

யாரோ அதன் அடியில், ‘இறந்த தாயின் குரல் கேட்டு உருகும் மகள்’ என்று எழுதி ஒட்டியிருக்கிறார்கள். முதலில் சிரித்தேன். அப்புறம் அன்று முழுக்க ஒருவரிடமும் சரியாகப் பேசவில்லை. அந்தப் பிள்ளை ஏன் அழுதது என்று உங்களுக்காவது சொல்லிவிட வேண்டும் போலிருக்கிறது. நமக்கும் வகிட்டில் நரை எட்டிப் பார்க்கிறது. பிள்ளைகளின் பள்ளிக்கூடத்துக்குப் போனால் டீச்சர்கள் நம்மைவிடச் சின்னவர்களாக இருக்கிறார்கள். இனிமேலும் இதை மூடி வைத்து என்ன ஆகப்போகிறது?

சுனாமிக்கு முந்தின ஆடியில் என் அம்மா காய்ச்சலில் படுத்தாள், ஒன்பதாவது நாள் செத்துப்போனாள். டீச்சர் உங்களை வரிசையாகக் கூட்டி வந்து எங்கள் வாசலில் நிறுத்தினார். அதற்குப் பிறகு என்னிடம் எப்படிப் பேசுவதென்று தெரியாமல் பேசாமலே இருந்துவிட்டீர்கள். குறையாகச் சொல்லவில்லை. எனக்கே என்னோடு என்ன பேசுவதென்று தெரியாத காலம் அது.

குடிகாட்டுக்குப் பக்கத்தில் எங்கள் வீடு. அப்பாவுக்கு ரசாயனக் கம்பெனியில் கான்ட்ராக்ட் வேலை, வாரத்துக்கு வாரம் ஷிப்ட் மாறும். வீட்டுச் சாவி என் கழுத்தில் கயிற்றில் தொங்கும். பள்ளி விட்டு வந்து பூட்டைத் திறந்தால், காலையில் நான் சாப்பிட்டு வைத்த தட்டு வைத்த இடத்திலேயே காய்ந்து கிடக்கும். அம்மா இல்லை என்பது எனக்குத் தினமும் அந்தத் தட்டைப் பார்த்துத்தான் புதிதாகத் தெரியும். காற்று திரும்பினால் கம்பெனி வாசனை வரும், பழம் அழுகினாற்போல, மருந்து கலந்தாற்போல. அம்மா இருந்தவரை ஓடிவந்து ஜன்னலைச் சாத்துவாள். நான் சாத்துவதில்லை. வீட்டுக்குள் வருவதற்கு அதையும் விட்டால் வேறு என்ன இருந்தது?

அப்பா பேச்சு குறைந்த ஆள். இரண்டு பேரும் டிவியைப் பார்த்தபடி சாப்பிடுவோம். ‘சாப்டியா?’ என்று கேட்பார். எதிரில் உட்கார்ந்து நான் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே கேட்பார்.

அந்தத் தை மாதம் எங்கள் வீட்டு முன்னறைக்கு ஒருவர் வாடகைக்கு வந்தார். சிதம்பரத்தில் படித்து, படிப்பு முடிந்தும் ஊருக்குப் போகாமல் அங்கேயே கீழவீதியில் ரூம் எடுத்துத் தங்கியிருந்தவர். சொந்தமாகப் படம் எடுக்கிறவர். சினிமாப் படம் இல்லை. கிராமத்து வாழ்க்கையும் பழக்கவழக்கமும் மறைந்துகொண்டு வருகின்றன, முழுக்க மறைவதற்குள் எடுத்து வைத்துவிட வேண்டும் என்பது அவருடைய எண்ணம். நாங்கள் மறைந்துகொண்டிருக்கிறோம் என்பது அவர் வந்து சொல்லித்தான் எங்களுக்குத் தெரியும்.

எம்-எய்ட்டி வண்டியின் பின்னால் கேமரா ஸ்டாண்டைக் கட்டிக்கொண்டு அவர் போகாத இடம் இல்லை. பெண்ணையாற்றுத் திருவிழாவில் சாமிகள் மணலில் இறங்கி நின்றதை எடுத்தார், சுருளிக்கிழங்கு விற்றவளை எடுத்தார். அவர் தெருவுக்குள் நுழைந்தால் பிளாஸ்டிக் குடங்கள் எல்லாம் வீட்டுக்குள் ஓடி ஒளியும். கேபிள் ஒயர் தெரியாத கோணமாகத் தேடித் தேடி நிற்பார். டிராக்டர் வைத்திருந்த ஒரு பெரியவரைச் சட்டையைக் கழற்றச் சொல்லி, பக்கத்து ஊரிலிருந்து மாடு ஓட்டிவந்து ஏர் பூட்ட வைத்தார். பெரியவருக்குக் கலப்பை பிடிப்பது மறந்துபோயிருந்தது. மாட்டுக்காரன் கேமராவுக்குத் தெரியாமல் வரப்பில் நின்று, ‘அழுத்திப் புடிங்க, இன்னும் அழுத்தி’ என்று சொல்லிக்கொடுத்தான்.

கிண்டல் செய்கிறேனே தவிர, அந்த நாட்களில் என்னிடம் முழு வாக்கியமாகப் பேசியவர் அவர் ஒருவர்தான். மாமா என்றுதான் கூப்பிடுவேன். பள்ளி விட்டு வரும்போது முன்னறையில் டேப்பைப் போட்டுப் பார்த்துக்கொண்டிருப்பார். பூட்டிய வீட்டுக்குள் ஒரு மனுஷச் சத்தம். அதற்காகவே வழியில் நிற்காமல் வருவேன். ஒருநாள் ஹெட்போனை எடுத்து என் காதில் மாட்டி, மைக்கைத் தெருப்பக்கம் நீட்டினார். சைக்கிள் செயின் உராய்வது, யாரோ கொல்லையில் துணி துவைப்பது, எங்கோ தள்ளி ஒரு மோட்டார் ஓடுவது, எல்லாம் காதுக்குள்ளேயே நடந்தது. அவர் மோட்டார் சத்தத்துக்கு மட்டும் முகத்தைச் சுளித்தார்.

‘இது ஒண்ணு வந்துட்டா போதும், எல்லாம் வேஸ்ட்’ என்றார்.

பங்குனியில் அத்தை வந்தாள். அப்பாவுக்கு அக்கா, மேல்பட்டாம்பாக்கத்தில் கட்டிக்கொடுத்தது. இப்படியே எத்தனை நாளைக்கு, பொட்டப் பிள்ளையை வைத்துக்கொண்டு என்று ஆரம்பித்து, கையோடு ஒரு பெண்ணையும் பார்த்து வைத்திருந்தாள். அப்பா பதில் சொல்லாமல் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். பதில் சொல்லாவிட்டால் அது சரி என்றுதான் எங்கள் குடும்பத்தில் கணக்கு.

அதைத் தடுக்க ஒரே ஒரு பிடி எனக்கு மிச்சம் இருந்தது. நம் பக்கத்து ஆட்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பெங்களூர், பஹ்ரைன் என்று போனவர்கள் உங்கள் வீட்டுக்காரர்களுக்கு எடுத்துச் சொல்லிக்கொள்ளுங்கள். பூவும் பொட்டுமாகச் செத்தவளை நாம் பூவாடைக்காரி என்று கும்பிடுகிறோம். வீட்டில் கல்யாணம் என்றால் முதலில் அவளிடம்தான் கேட்க வேண்டும். நீர்க்கரையில் கரகம் ஜோடித்து, பம்பை அடித்து அழைப்பார்கள். அவள் யார் மேலாவது வருவாள். சம்மதமா என்று மூன்று தரம் கேட்பார்கள். அவள் சம்மதம் சொன்னால்தான் பத்திரிகை அடிக்கிற வேலையே. அம்மா வரப்போகிறாள், வேண்டாம் என்று சொல்லப்போகிறாள் என்று நான் நம்பினேன். சாமி வந்தவள் கண்ணுக்கு எல்லோரும் ஒன்றுபோலத் தெரிந்து என்னை மறந்துவிட்டால் என்ன செய்வது என்றும் யோசித்து வைத்திருந்தேன். காலைக் கட்டிக்கொண்டு, ‘அம்மா, வேணாம்னு சொல்லும்மா’ என்று சொல்ல வேண்டும். கண்ணாடி முன்னால் நின்று சொல்லிச் சொல்லிப் பார்த்தேன்.

படக்கார மாமா இதைக் கேள்விப்பட்டதும் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டார். இந்தப் பக்கம் இதெல்லாம் இன்னும் கொஞ்ச வருஷம்தான் அண்ணே, இது இல்லாமல் என் படமே இல்லை என்றார். அப்பா தலையாட்டினார். வழக்கமாகப் பொழுது சாய்ந்துதான் அழைப்பது. அந்த வெளிச்சத்தில் அவருடைய கேமராவுக்கு ஒன்றும் தெரியாது. நாலு மணிக்கு வைத்துக்கொள்ளலாமா என்று கெஞ்சினார். பம்பைக்காரர் முனகினார், அத்தைதான் சரிக்கட்டினாள். நாலு மணிக்குத்தான் வயலுக்கு மும்முனைக் கரண்டு வரும் என்பது ஒருவருக்கும் தோன்றவில்லை.

குளக்கரையில் கரகம் ஜோடிக்கிறதையே அவர் வெகுநேரம் எடுத்தார். சம்பங்கி, சாமந்தி, வேப்பிலை, மஞ்சள் துணி, ஒவ்வொன்றாக. கூடவே சின்ன டப்பா போல ஒரு சத்தப் பதிவு மிஷின், மைக்கோடு, வேப்பமரத்து அடியில். பம்பை தொடங்கியது. பம்பைக்காரர் என் அம்மாவின் பெயரைச் சொல்லி அழைக்க அழைக்க எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. அப்போதுதான் வயல் பக்கம் மோட்டார் போட்ட சத்தம் வந்தது. மாமா ஹெட்போனை அமுக்கிப் பிடித்துக்கொண்டு, முகத்தைச் சுளித்து, சுற்றியும் பார்த்தார்.

‘யாராவது போயி அந்த மோட்டார கொஞ்சம் நிறுத்தச் சொல்லுங்களேன்’ என்றார்.

ஒருவரும் அசையவில்லை. நான் ஓடினேன். என்னைப் போகச் சொன்னவர் யாரும் இல்லை. அம்மா வருவதற்கு இன்னும் நேரம் இருக்கிறது என்று நினைத்தேன். அவர் முகம் சுளித்தது எனக்குப் பொறுக்கவில்லை. அதுதான் நிஜம்.

மோட்டார் கொட்டகைக்காரர் மாட்டேன் என்றார். கரண்டு இப்போதுதான் வந்தது, இதை விட்டால் நாளைக்குத்தான், கத்தரிக்காய்க்கு யார் தண்ணீர் பாய்ச்சுவது என்றார். பத்து நிமிஷம் போதும் என்று அவர் காலில் விழாத குறையாகக் கேட்டேன். எங்கள் அம்மா வருகிறாள் என்று சொன்னதும் கொஞ்சம் முழித்துவிட்டு, சுவிட்சை இறக்கினார். தண்ணீர் குழாயில் கொடகொடவென்று பின்வாங்கியது. அதற்குப் பின்னால் இருந்த அமைதியில் குளக்கரைப் பம்பை கேட்டது. வேகவேகமாக அடித்துக்கொண்டிருந்தது. நான் வரப்பில் இறங்குவதற்குள் நின்றுவிட்டது.

திரும்பி வந்தபோது அத்தையை உட்காரவைத்து யாரோ முகத்தில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தார்கள். கற்பூரம் எரிந்த கறுப்பு தரையில் இருந்தது. அம்மா வந்துவிட்டுப் போய்விட்டாள். சுற்றி நின்ற பெண்கள் என்னைப் பிடித்து அணைத்துக்கொண்டார்கள்.

‘மூணு தரமும் சம்மதம்னுட்டா பாப்பா உங்கம்மா. எம்பொண்ணு எங்க, எம்பொண்ணு எங்கன்னு உன்னதான் கேட்டா’ என்றார்கள்.

அப்பா கொஞ்சம் தள்ளி நின்று என்னையே பார்த்தார்.

என்னைச் சந்தோஷப்படுத்தத்தான் சொன்னார்கள், தெரிகிறது. ஆனால் எனக்குள் போனது வேறு. அம்மா என்னைத் தேடியிருக்கிறாள், நான் இல்லை. நான் இருந்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வேண்டாம் என்றிருப்பாள். யாரோ ஒருவருடைய படத்துக்காக மோட்டாரை நிறுத்தப் போய், என் அம்மாவை நிற்கவைத்து அனுப்பிவிட்டேன். இதை இருபது வருஷம் சுமந்தேன், மக்களே. பிரசவ வலியில்கூட இது ஞாபகம் வந்தது.

மாமாவோ தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். கரகத்தை எடுத்து எடுத்து டேப்பை முடித்துவிட்டார். அத்தை மேல் அருள் வந்ததும் டேப் தீர்ந்துவிட்டது, புது டேப்பைப் பிரித்துப் போடுவதற்குள் எல்லாம் ஆகிவிட்டது. மறுநாள் இன்னொரு தடவை அழைக்க முடியுமா என்று பம்பைக்காரரிடம் கேட்டார். பம்பைக்காரர் பம்பையை உறையில் போட்டுக்கொண்டே, ‘வந்துட்டுப் போனவங்கள திரும்பக் கூப்புட, நான் கண்டக்டர் இல்ல சார்’ என்று சொல்லிவிட்டுப் போனார்.

மறுநாள் அப்பா காலை ஷிப்டுக்குப் போய்விட்டார். கேமராவுக்காக இன்னொரு தரம் ஆடிக் காட்ட முடியுமா என்று மாமா அத்தையைக் கேட்டார். அத்தைக்குப் படத்தில் வர ஆசை இல்லை என்று சொன்னால் பொய். முந்தின நாள் கட்டியிருந்த பூப்போட்ட நைலக்ஸ் புடவையை மாற்றி நூல் புடவை கட்டிக்கொண்டாள். பித்தளைச் செம்புக்குப் பதில் மண் கலயம். பம்பை இல்லை, அந்தச் சத்தத்தைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்று மாமா சொன்னார். நான் பள்ளிக்கூடம் போகவில்லை, சீருடையோடு முன்னால் போய் நின்றேன். ஒருவேளை வரலாம் இல்லையா? நேற்று என்னைப் பார்க்காமல் போனவள் இன்று பார்க்க வரலாம் இல்லையா?

பம்பை இல்லாமல், வெறும் வெயிலில், காக்காய் கத்திக்கொண்டிருக்க, அத்தை தலையை விரித்து ஆடத் தொடங்கினாள். பார்க்கச் சகிக்கவில்லை. சம்மதமா என்று மாமாதான் கேமராவுக்குப் பின்னாலிருந்து கேட்டார். பள்ளியில் அட்டெண்டன்ஸ் சொல்வதுபோல அத்தை மூன்று தரம் சம்மதம் என்றாள். என்னை நேராகப் பார்த்துக்கொண்டே சொன்னாள். எம்பொண்ணு எங்க என்று கேட்கவே இல்லை. அது அத்தைதான், அம்மா இல்லை. இனி அம்மா வரமாட்டாள். எனக்கு அழுகை வெடித்தது. கேமரா என் பக்கம் திரும்பியது. அவர் எடுத்துக்கொண்டே இருந்தார். நீங்கள் பார்த்தது அதுதான்.

சித்திரையில் அவர் அறையைக் காலி செய்தார். போகும்போது என் தலையில் கைவைத்து ஏதோ சொல்ல வந்தார், நான் உள்ளே போய்விட்டேன். வைகாசியில் கல்யாணம். சின்னம்மா கெட்டவள் இல்லை. கெட்டவளாக இருந்திருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். என் தட்டைக் கழுவி வைத்தாள், காற்று திரும்பினால் ஜன்னலைச் சாத்தினாள். நான் எட்டாவதுக்குச் சிதம்பரம் ஹாஸ்டலுக்குப் போகிறேன் என்று அடம்பிடித்துப் போனேன். லீவுக்கு வந்தால் அப்பா சாப்டியா என்பார், சாப்டேன் என்பேன். படிப்பு, வேலை, கல்யாணம், குழந்தை எல்லாம் அந்த இரண்டு வார்த்தையிலேயே நடந்து முடிந்தன.

போன மாதம் படக்கார மாமா யாரையோ பிடித்து என் நம்பரை வாங்கிப் பேசினார். குரல் தேய்ந்திருந்தது. கல்யாணம் செய்துகொள்ளவில்லையாம், அதே சிதம்பரத்தில்தான் இருக்கிறாராம். பழைய டேப்புகள் பூஞ்சை பிடிப்பதற்குள் கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டிருந்தவருக்கு, அன்றைய சத்தப் பதிவு கிடைத்திருக்கிறது. டேப் தீர்ந்த பிறகும் மரத்தடியில் அந்த டப்பா ஓடிக்கொண்டுதான் இருந்திருக்கிறது. படம் இல்லாத சத்தம் எதற்கு என்று பம்பையை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு, மீதியை இத்தனை வருஷம் கேட்டே பார்க்கவில்லையாம்.

‘நான் அன்னிக்கி உன்ன எடுத்திருக்கக் கூடாதும்மா. இது உன்னுது. கேளு’ என்று சொல்லி என் போனுக்கு அனுப்பிவைத்தார்.

நான் வேலை பார்க்கிற ஆஸ்பத்திரி லேபில் மத்தியானம் ஆள் இல்லாத நேரத்தில் ஹெட்போன் மாட்டிக் கேட்டேன். முதலில் பம்பை. பின்னால் லேசாக மோட்டார். பிறகு அத்தையின் ஓலம். மறுநாள் கேட்ட குரல் இல்லை அது, அடிவயிற்றிலிருந்து வந்தது. பம்பைக்காரர் சம்மதமா என்று கேட்கிறார். அழுகை. மறுபடி கேட்கிறார். அழுகை. மூன்றாம் தரமும் அழுகைதான். சம்மதம் என்ற சொல்லே அதில் இல்லை. எம்பொண்ணு எங்க என்பதும் இல்லை. மோட்டார் ஓடிக்கொண்டே இருக்கிறது. அப்போது மைக்குக்கு வெகு பக்கத்தில் ஒரு ஆண் குரல். நான் ஒருநாளும் கேட்டிராத மாதிரி உடைந்துபோன அப்பாவின் குரல்.

‘கொஞ்சம் இரும்மா. போயிடாத. பாப்பா மோட்டார நிறுத்தப் போயிருக்குது, இப்ப வந்துரும். அவள கேட்டுட்டு அப்புறம் சொல்லு. எம்பொண்ணு எங்க, யாராவது கூட்டினு வாங்களேன்.’

அழுகை தொடர்கிறது. மோட்டார் சட்டென்று நிற்கிறது. யாரோ ஒரு பெரியவர், ‘அழுவுறதே சம்மதந்தான், கற்பூரத்த ஏத்துப்பா, நாழியாவுது’ என்கிறார். பம்பை வேகவேகமாக அடித்து நிற்கிறது. அவ்வளவுதான்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை குடிகாட்டுக்குப் போனேன். சின்னம்மா அடுப்படியில் இருந்தாள். கூடத்தில் அப்பாவின் காதில் ஹெட்போனை மாட்டி அதைப் போட்டேன். கேட்டு முடித்த பிறகும் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். நான்தான் கழற்றினேன். ஏம்பா எங்கிட்ட சொல்லவே இல்லை என்று கேட்டேன். ஹெட்போன் ஒயரைச் சுருட்டி என் கையில் கொடுத்துவிட்டுச் சொன்னார்.

‘உங்கம்மா உன்ன கேட்டான்னு பொம்பளைங்க சொன்னாங்கல்ல, அப்ப உன் மூஞ்சிய பாத்தேன். கேட்டது அவ இல்ல, நான்தான்னு சொன்னா, உனுக்கு இருக்குற அது ஒண்ணும் போயிடுமேன்னு உட்டுட்டேன்.’

எனக்குக் கத்த வேண்டும் போலிருந்தது. அந்த ஒன்றுதான் என்னைத் தின்றது என்று எப்படிச் சொல்வது? அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அன்று என்னைத் தேடிவிட்டுக் கேட்க முடியாமல் போனதை இருபது வருஷம் கழித்துக் கேட்டார்.

‘அன்னிக்கி நீ வந்திருந்தா என்னா சொல்லிருப்ப?’

அடுப்படியில் பாத்திரச் சத்தம் நின்றது. சின்னம்மாவின் நிழல் வாசற்படி ஓரத்தில் அசையாமல் இருந்தது.

‘சரின்னுதாம்பா சொல்லிருப்பேன்’ என்றேன்.

சொல்லிவிட்டு அவர் முகத்தைப் பார்த்தேன். அதைப் பார்த்தவளால் இனி ஒருநாளும் நிஜத்தைச் சொல்ல முடியாது. நீங்களும் ஊருக்குப் போனால் அவரிடம் சொல்லிவிடாதீர்கள்.